கவராயம் ஏந்திய ஓவியர்: நியூ மெக்சிகோ நாட்குறிப்பு

செவ்வாய், ஆல்புகெர்க்கி

ஹெலன் ஹார்டின் என்ற ஓவியரின் தடத்தைத் தேடி நானும் என் மகளும் நியூ மெக்சிகோவுக்கு வந்திருக்கிறோம். அவள் கட்டடக்கலை படிக்கிறாள். கார் ஓட்டுவது அவள் பொறுப்பு. வழி சொல்வதும் கதை சொல்வதும் என்னுடையது. பார்த்ததை அன்றன்று இரவே எழுதிவிடுவதென்று முடிவு செய்திருக்கிறேன்.

ஹெலன் 1943 மே 28 அன்று இதே ஊரில் பிறந்தவர். 1984 ஜூன் 9 அன்று மார்பகப் புற்றுநோயால் இறந்தார். வாழ்ந்தது 41 ஆண்டுகள். அதற்குள் அமெரிக்கப் பூர்வகுடியினரின் ஓவியம் எப்படி இருக்க வேண்டும் என்று மற்றவர்கள் போட்டு வைத்திருந்த வேலியைப் பிடுங்கி எறிந்துவிட்டுப் போனார். அவரை அறிந்த தமிழ் வாசகர்கள் மிகக் குறைவு என்பதால்தான் இதை இவ்வளவு விரிவாக எழுதத் துணிகிறேன்.

புவெப்லோ மக்களைப் பற்றி முதலில் கொஞ்சம். ஸ்பானியர் வருவதற்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பிருந்தே இந்த வறண்ட மேட்டுநிலத்தில் மண்ணாலும் கல்லாலும் அடுக்கடுக்காக வீடு கட்டி, சோளமும் அவரையும் பூசணியும் விளைவித்து வாழ்ந்து வருபவர்கள். நியூ மெக்சிகோவில் மட்டும் இன்று 19 புவெப்லோ ஊர்கள் இருக்கின்றன. ஒவ்வொன்றும் தனித் தன்னாட்சி கொண்டது. மொழிகளும் வேறு வேறு. ஹெலனின் தாய்வழி ஊர் சாந்தா கிளாரா. அங்கே பேசுவது டெவா மொழி. கறுப்பாகப் பளபளக்கும் மண்பாண்டங்களுக்குப் பேர்போன ஊர்.

ஹெலனைச் சொல்ல வேண்டுமானால் அவர் தாயிடமிருந்து தொடங்குவதைத் தவிர வேறு வழியில்லை. தாய் பப்லிட்டா வெலார்டே (1918-2006) புகழ்பெற்ற ஓவியர். அந்தப் புகழ்தான் மகளுக்குக் கிடைத்த முதல் வாய்ப்பு. அவர் முட்டிமோத வேண்டியிருந்த முதல் சுவரும் அதுவே.

மாலையில் சென்ட்ரல் அவென்யூவுக்குப் போனோம். பழைய 66ஆம் எண் நெடுஞ்சாலை நகரத்துக்குள் இந்தத் தெருவாகத்தான் ஓடுகிறது. அங்கே மைசெல்ஸ் என்ற பழைய வணிகக் கட்டடம் இருக்கிறது. 1939இல் ஜான் கா மீம் என்ற கட்டடக் கலைஞர் வடிவமைத்தது. ரயிலிலும் காரிலும் வரும் பயணிகளுக்கு வெள்ளி நகைகளும் நீலக்கல் மாலைகளும் விற்ற கடை, இப்போது மூடப்பட்டுவிட்டது. ஆனால் வாசலின் உள்வாங்கிய முகப்பில், காட்சிப் பெட்டிகளுக்கு மேலே ஓடும் சுவரோவியங்கள் அப்படியே இருக்கின்றன. ஆலிவ் ரஷ் என்ற ஓவியரின் மேற்பார்வையில் இளம் பூர்வகுடி ஓவியர்கள் சேர்ந்து தீட்டியவை. அவர்களில் ஒருவர் பப்லிட்டா. அப்போது அவருக்கு இருபதைக் கடந்திருந்தாலே அதிகம்.

நடைபாதையில் நின்று அண்ணாந்து பார்த்தோம். தெளிவான கோடு, கோட்டுக்குள் ஒரே சீரான நிறம், நிழல் கிடையாது, பின்னணி கிடையாது. மனிதர்கள் வெறும் சுவரில் மிதப்பதுபோல வரிசையாக வருகிறார்கள். இந்தப் பாணிக்கு ஒரு வரலாறு உண்டு. 1932இல் சாந்தா ஃபே இந்தியப் பள்ளியில் (அமெரிக்கப் பூர்வகுடியினரை இந்தியர் என்பது அங்கே பழைய வழக்கு) டாரத்தி டன் என்ற வெள்ளைக்கார ஆசிரியை ஓவியப் பட்டறை ஒன்றைத் தொடங்கினார். அதுவரை அரசு விடுதிப் பள்ளிகள் பூர்வகுடிப் பிள்ளைகளின் மொழியையும் வழக்கங்களையும் அழிப்பதையே கல்வி என்று நினைத்திருந்தன. டன் அவர்களிடம், உங்கள் ஊரையும் உங்கள் நடனங்களையும் வரையுங்கள் என்று சொன்னார். அது பெரிய காரியம். அதே சமயம், இப்படித் தட்டையாக வரைவதுதான் அசல் இந்திய ஓவியம் என்ற எண்ணம் வாங்குவோர் மனத்திலும் பரிசு கொடுப்போர் மனத்திலும் கெட்டியாக ஒட்டிக்கொண்டது. திறந்துவிட்ட கதவே பிறகு கூண்டாகிப்போனது என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

14 வயதில் அந்தப் பட்டறைக்குள் நுழைந்தவர் பப்லிட்டா. சாந்தா கிளாராவில் பெண்கள் மண்பாண்டம் செய்வார்கள். ஓவியம் ஆண்களின் வேலை. சான் இல்டெஃபோன்சோ ஊரைச் சேர்ந்த டொனீட்டா பேன்யா ஒருவர்தான் அவருக்கு முன்மாதிரியாக இருந்த பெண் ஓவியர். பட்டறையில் படித்த காலத்தில் அவரைச் சந்தித்துப் பழகும் வாய்ப்பும் பப்லிட்டாவுக்குக் கிடைத்தது.

தெருவெங்கும் பச்சை மிளகாய் வறுக்கும் வாசனை. இது அறுவடைக் காலம். கடை வாசல்களில் கம்பிவலைப் பீப்பாய்களைத் தீயின் மேல் சுழற்றி மூட்டை மூட்டையாக வறுத்துக் கொடுக்கிறார்கள். இரவுச் சாப்பாடு அந்த மிளகாய்க் குழம்புதான்.

புதன், பெர்னலியோ

ஆல்புகெர்க்கியிலிருந்து வடக்கே கொஞ்ச தூரம் போனால் பெர்னலியோ என்ற சிற்றூர். அங்கே ரியோ கிராண்டே ஆற்றங்கரையில் குவாவுவா என்ற பழைய புவெப்லோவின் இடிபாடு இருக்கிறது. கொரோனாடோ வரலாற்றுத் தலம் என்று இப்போது பெயர். 1960களின் தொடக்கத்தில், இருபது வயதை ஒட்டியிருந்த ஹெலனின் முதல் தனிக் கண்காட்சி நடந்தது இந்த இடத்தில்தான். அதனால்தான் வந்தோம். வந்த பிறகு, கண்காட்சியை விடப் பெரிய விஷயம் ஒன்று எங்களைப் பிடித்துக்கொண்டது.

1930களில் இங்கே அகழ்ந்தபோது சதுரமான ஒரு கிவா கிடைத்தது. கிவா என்பது தரைக்கடியில் கட்டப்படும் சடங்கு அறை. அதன் சுவரில் 85 அடுக்குப் பூச்சுகள் இருந்தன. அவற்றில் 17 அடுக்குகளில் ஓவியங்கள். ஒரு சடங்குக்கென வரைந்து, அது முடிந்ததும் மேலே மண் பூசி மூடிவிட்டு, அடுத்ததை வரைந்திருக்கிறார்கள். தொல்லியலாளர்கள் ஒவ்வொரு அடுக்காக உரித்து எடுத்துக் காப்பாற்றினார்கள். மீட்டமைத்த கிவாவின் சுவர்களில் அவற்றை மறுபடி தீட்டியவர் ஸியா புவெப்லோவைச் சேர்ந்த வெலினோ ஷீஹே ஹெரேரா.

ஏணி வழியாக உள்ளே இறங்கினோம். படம் எடுக்க அனுமதி இல்லை. அது சரியான விதி என்று நினைக்கிறேன். கறுப்பு, வெள்ளை, மஞ்சள், காவி. மீன், பறவை, மின்னல், மழைத்துளி. முகங்கள் வட்டமாகவும் பாதி பாதியாகப் பிரிந்தும் இருக்கின்றன. கண்கள் வெறும் கோடுகள்.

மேலே ஏறி வந்து நிழலில் உட்கார்ந்து, கையோடு கொண்டுவந்திருந்த ஹெலனின் ஓவியத் தொகுப்பை விரித்தோம். என் மகள் ஒரு பக்கத்தில் நீண்ட நேரம் நின்றுவிட்டாள்.

"அம்மா, இந்த வளைவு வெறும் கையால் வரைந்தது இல்லை. பிரெஞ்சு கர்வ் வைத்து இழுத்திருக்கிறார். இந்த வட்டங்களுக்குள் வட்டம் எல்லாம் கவராயம். இதை எங்கே கற்றுக்கொண்டார்?"

பள்ளியில் கற்றுக்கொண்டார். உயர்நிலைப் பள்ளியில் ஹெலன் இயந்திர வரைபடப் பாடம் எடுத்துப் படித்தார். அளவுகோல், கவராயம், பாகைமானி, வளைவரை அச்சுகள் எல்லாம் அங்கிருந்து அவர் ஓவியமேசைக்கு வந்தவை. பொறியாளர்களின் கருவிகளை எடுத்துக்கொண்டு மழைக் கடவுளரையும் கேடயங்களையும் வரைந்தார். அக்ரிலிக் நிறத்தை நீர்போலக் கரைத்து ஒரு பூச்சு, காய்ந்ததும் அதன்மேல் இன்னொன்று, பிறகு பல்துலக்கும் பிரஷால் தெளித்த புள்ளிகள், காற்றுத்துப்பாக்கியால் ஊதிய மெல்லிய நிறப்படலம், கடைசியில் மையால் இழைத்த கோடுகள். ஒரு சின்னப் பரப்பில் இத்தனை அடுக்குகள்.

85 பூச்சுகள் கொண்ட சுவருக்குப் பக்கத்தில் இருந்துகொண்டு இதைப் பார்த்ததால், அவர் வேலைமுறை எனக்குப் புதிதாக விளங்கியது. நவீன ஓவியர் என்று பெயர் வாங்கிய ஹெலன், நிறத்தை அடுக்கும் விதத்தில் கிவாச் சுவரை வரைந்தவர்களின் பக்கம் இருக்கிறார். தட்டையான நிறத்தை ஒரே பூச்சில் போட்ட பட்டறைப் பாணிதான் நேற்றுப் பிறந்தது.

சிறுமியாக இருந்தபோதே தாயோடு சேர்ந்து ஓவியம் விற்றவர் அவர். தொடக்கத்தில் தாயின் பாணியையே பின்பற்றினார். விரைவில் வேறு திசையில் போகத் தொடங்கியதும் உரசல். மகளின் போக்குத் தாய்க்குப் பிடிக்கவில்லை. தாயின் நிழல் மகளுக்குப் பிடிக்கவில்லை. ஹெலன் தன் ஓவியங்களில் ட்சா-சா-வீ-எ என்ற டெவாப் பெயரைக் கையெழுத்தாக இட்டார். நிமிர்ந்து நிற்கும் சிறு ஸ்புரூஸ் மரம் என்று பொருள். 1968இல் கொலம்பியாவின் பொகோட்டா நகரத்தில் பணியில் இருந்த தந்தையிடம் போய்ச் சில காலம் தங்கினார். சொந்த வாழ்க்கையில் கடுமையான நெருக்கடி இருந்த நேரம் அது. அங்கே ஒரு கண்காட்சி வைத்தார். பப்லிட்டா வெலார்டே யாரென்றே தெரியாத மனிதர்கள் வந்து பார்த்து வாங்கினார்கள். தன் ஓவியம் தாயின் பெயர் இல்லாமலும் நிற்கும் என்ற உறுதி அந்த ஊரில்தான் அவருக்குக் கிடைத்தது. ஊர் திரும்பியபின் அவர் தயங்கவில்லை. 1970இல் நியூ மெக்சிகோ மாகசின் அவரை அட்டையில் போட்டது. 1976இல் பூர்வகுடிக் கலைஞர்களைப் பற்றிப் பொதுத் தொலைக்காட்சியில் வந்த தொடரில் ஒரு படம் அவரைப் பற்றியது.

வியாழன், பேண்டெலியர்

இன்று முழுவதும் பப்லிட்டாவுக்கு.

பேண்டெலியர் தேசிய நினைவுத்தலத்துக்குப் போகும் சாலை ஹேமெஸ் மலைத்தொடரின் விளிம்பில் ஏறி, ஃப்ரிஹோலஸ் பள்ளத்தாக்குக்குள் இறங்குகிறது. இருபுறமும் இளஞ்சிவப்பும் மஞ்சளும் கலந்த சாம்பற்பாறை. பத்து லட்சம் ஆண்டுகளுக்கும் முன்னால் எரிமலை கக்கிய சாம்பல் இறுகி உண்டானது. அரிப்பில் தேன்கூடு போலத் துளைத்துக் கிடக்கிறது. புவெப்லோ மக்களின் முன்னோர் அந்தத் துளைகளைக் கல்லுளியால் அகலப்படுத்தி அறைகளாக்கிக்கொண்டார்கள். பாறைக்கு முன்னால் கல்வீடுகளும் எழுப்பினார்கள். கூரை உத்தரம் செருகிய குழிகள் பாறைமுகத்தில் வரிசை வரிசையாகத் தெரிகின்றன. அவற்றை எண்ணி எத்தனை மாடி என்று சொல்லிவிடலாம். என் மகள் சொல்லிக்கொண்டே வந்தாள்.

1939இல் பெருமந்தக் காலத்து அரசு வேலைத்திட்டத்தின் கீழ், தேசியப் பூங்காத் துறை பப்லிட்டாவை இங்கே வரவழைத்தது. பயணிகளுக்குப் புவெப்லோ வாழ்க்கையை விளக்கும் ஓவியங்கள் வேண்டும் என்றது. இடையில் போரால் நின்று, பிறகு தொடர்ந்து, 1945 வரை அந்த வேலை நடந்தது. எழுபதுக்கும் மேற்பட்ட ஓவியங்கள். பெரும்பாலும் மேசனைட் என்ற அழுத்திய மரநார்ப் பலகையில், பால்புரதத்தைப் பசையாகக் கொண்ட கேசின் வண்ணம். விதைப்பு, அறுவடை, வேட்டை, ரொட்டி சுடுதல், பானை வனைதல், குழந்தைக்குப் பெயரிடுதல், ஊர்ப் பொறுப்பாளர்கள் தேர்வு. அவற்றில் சில பார்வையாளர் மையத்தில் இருக்கின்றன. மற்றவை காப்பகத்தில்.

பானை சுடும் பெண்கள் உள்ள படத்தின் முன்னால் நின்றேன். எந்தப் பெண் எந்தப் பக்கம் உட்கார்ந்திருக்கிறாள், சால்வை எந்தத் தோளில் முடிந்திருக்கிறது, மண்கலம் எந்தக் கோணத்தில் சாய்ந்திருக்கிறது எல்லாம் சரியாக இருந்தே ஆக வேண்டும் என்ற பிடிவாதம் ஒவ்வொரு அங்குலத்திலும் தெரிகிறது. தெரியாததை ஊர்ப் பெரியவர்களிடம் கேட்டு வரைந்தார். ஊருக்குள் சிலர் கோபித்தார்கள். வெளியாருக்கு இதையெல்லாம் காட்டலாமா என்றார்கள். அந்தக் கோபத்தில் நியாயம் இருக்கிறது; ஸ்பானியர் காலத்திலிருந்து சடங்குகளை மறைத்து வைத்தே காப்பாற்றிய மக்கள் அவர்கள். பப்லிட்டா எல்லையை அறிந்தவர்தான். பொதுவில் ஆடும் நடனங்களை வரைந்தார். கிவாவுக்குள் நடப்பதைத் தொடவில்லை.

அவருடைய பிடிவாதத்துக்கு ஒரு வேர் உண்டு. மூன்று வயதளவில் தாயைக் காசநோய்க்குப் பறிகொடுத்தார். அதை ஒட்டிக் கண்நோய் வந்து சில காலம் பார்வையே இல்லாமல் இருந்தார். பார்வை திரும்பிய பிறகு பார்க்கும் எதையும் விட்டுவிடக்கூடாது என்ற வெறி அவருக்கு ஏற்பட்டுவிட்டது. 1950களில் கடையில் வாங்கும் வண்ணங்களையே விட்டுவிட்டார். மலைகளிலும் ஓடைகளிலும் நிறமுள்ள கற்களையும் மண்ணையும் பொறுக்கி வந்து, அம்மியில் அரைத்து, பசையும் நீரும் கலந்து தீட்டினார். அவற்றுக்கு மண் ஓவியங்கள் என்று பெயர். பிரெஞ்சு அரசு 1954இல் அவருக்குக் கல்வி, கலைப் பணிக்கான விருது அளித்தது. தந்தை சொல்லக் கேட்ட கதைகளைத் தன் ஓவியங்களோடு 1960இல் நூலாகவும் வெளியிட்டார்.

வெளியே வந்து நீண்ட பாறைவீட்டு வரிசையின் ஓரமாக நடந்தோம். ஏணி ஏறி ஒரு குகையறைக்குள் போனால் கூரை முழுக்கப் புகைக்கரி. சாம்பல் உதிராமல் இருக்க வேண்டுமென்றே புகையூட்டி இறுக்கினார்களாம். பாறையில் சுருள்கள், பறவை, மனித உருவம். தாயின் ஓவியத்தில் இந்தப் பாறைக்கோடுகள் ஓரங்களில் அலங்காரமாக வருகின்றன. மகளின் ஓவியத்தில் இவையே நடுவில் வந்து நிற்கின்றன. நாளை அதைப் பற்றி எழுதுகிறேன், கால்கள் ஓய்ந்துவிட்டன.

வெள்ளி, புயே, சாந்தா கிளாரா

புயே பாறைக்குடியிருப்பு சாந்தா கிளாரா மக்களின் மூதூர். அவர்கள் நிலத்தில், அவர்கள் நிர்வாகத்தில் இருக்கிறது. அவர்களுடைய வழிகாட்டியோடுதான் பார்க்க முடியும். எஸ்பன்யோலா நகரத்தை ஒட்டிய 30ஆம் எண் சாலையில் டிக்கெட் வாங்கிக்கொண்டு மலைப்பாதையில் ஏற வேண்டும். சாலையோரம் எங்கும் சமீசாப் புதர்கள் மஞ்சளாகப் பூத்திருக்கின்றன.

எங்களுக்கு வாய்த்த வழிகாட்டி ஊரைச் சேர்ந்த நடுத்தர வயதுப் பெண். இங்கே வாழ்ந்தவர்கள் மறைந்துபோகவில்லை, கீழே ஆற்றங்கரைக்குக் குடிபெயர்ந்தார்கள், நாங்கள்தான் அவர்கள் என்று முதலிலேயே அழுத்திச் சொன்னார். மேட்டின் உச்சியில் 740 அறைகள் கொண்ட கல்ஊர். 1500களின் இறுதியில் வறட்சியால் கைவிட்டார்கள். 2011இல் லாஸ் கோன்சாஸ் காட்டுத்தீ ஒன்றரை லட்சம் ஏக்கருக்கும் மேல் எரித்தது. சாந்தா கிளாராப் பள்ளத்தாக்கின் பெரும்பகுதி கருகியது, பிறகு மழை பெய்தபோதெல்லாம் வெள்ளம். மொட்டையாகத் தெரிந்த மலைச்சரிவைக் காட்டியபோது அவர் சிறிது நேரம் பேசவில்லை.

பாறையில் அவன்யு செதுக்கப்பட்டிருக்கிறது. நீரின் காவலனான கொம்புள்ள நாகம். நெளிந்து நெளிந்து ஓடுகிறது. இதே உருவம் சாந்தா கிளாராப் பானைகளிலும் உண்டு. ஹெலனின் ஓவியங்களிலும் உண்டு.

இந்தப் பயணத்தில் நான் சொல்ல வந்தது இதுதான். 1939இல் சாந்தா கிளாரா ஊர்மன்றம் ஒரு விதி கொண்டுவந்தது. ஊர்ப் பெண் வெளியில் மணம் செய்தால் அவள் பிள்ளைகள் ஊர் உறுப்பினர் ஆக முடியாது. ஊர் ஆண் வெளியில் மணம் செய்தால் அவன் பிள்ளைகள் உறுப்பினரே என்றது அந்த விதி. ஜூலியா மார்டினெஸ் என்ற பெண் இதை எதிர்த்து வழக்குத் தொடுத்தார். 1978இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் ஊர்மன்றத்தின் தன்னாட்சியில் கூட்டரசு நீதிமன்றம் இந்த வகையில் தலையிட முடியாது என்று தீர்ப்பளித்தது. அந்தத் தன்னாட்சி எவ்வளவு பாடுபட்டுக் காத்தது என்பது எனக்குப் புரிகிறது. ஆனாலும் பெண்ணின் பிள்ளைக்கு ஒரு நீதி, ஆணின் பிள்ளைக்கு ஒரு நீதி என்பதை என்னால் ஏற்க முடியவில்லை.

பப்லிட்டா 1942இல் ஹெர்பர்ட் ஹார்டின் என்ற வெள்ளைக்காரரை மணந்தார். ஹெலன் பிறந்தது அந்த விதி வந்த நான்கு ஆண்டுகளுக்குப் பிறகு. படிப்பும் வாழ்க்கையும் நகரத்தில். விழா நாட்களில் தாயின் ஊர். தாய்க்கு ஊர் என்பது நினைவு. ரொட்டி சுடும் பாட்டியும் சோள நடனமும் கண்ணுக்குள்ளேயே இருந்தன. அவர் அவற்றை எழுதிவைப்பதுபோல வரைந்தார். மகளுக்கு அந்த நினைவு முழுமையாகக் கிடைக்கவில்லை. ஊருக்குள்ளிருந்து ஊரை வரையும் உரிமை தனக்கு இருக்கிறதா என்ற கேள்வியும் கூடவே இருந்திருக்கும். அவர் வேறு இடத்துக்குப் போனார். பாறைக்கீறல்களுக்கும் மண்கல ஓடுகளுக்கும் போனார். இவற்றைப் பார்க்க எந்த உறுப்பினர் பட்டியலும் தேவையில்லை. இங்கே செதுக்கியவர்கள், கேட்டால் மறுக்க உயிரோடு இல்லை. மூதாதையர் என்று சொல்லிக்கொள்ள யாரிடமும் சான்றிதழ் வாங்க வேண்டியதில்லை.

ஹெலனைப் பற்றிய எழுத்துகளில், மரபுக்கும் நவீனத்துக்கும் இடையே நின்றவர் என்ற வழக்கமான வரி திரும்பத் திரும்ப வருகிறது. புயேயில் நின்று பார்க்கும்போது அந்த வரி எனக்குப் போதவில்லை. அவர் இடையில் நிற்கவில்லை. தாயைத் தாண்டி, பட்டறைப் பாணியைத் தாண்டி, ஆயிரம் ஆண்டு பின்னால் போனார். தெற்கே மிம்பிரஸ் பள்ளத்தாக்கில் கி.பி. 1000ஐ ஒட்டிய காலத்தில் வெள்ளைக் கலங்களில் கறுப்பு நிறத்தால் தீட்டியவர்களின் கோடுகளைப் பாருங்கள். மயிரிழை போன்ற இணைகோடுகள், பூச்சியும் முயலும் மீனும் வடிவக் கணிதமாக மாறிய உருவங்கள். அங்கே கையால் சாதித்ததை அவர் கருவியால் சாதிக்க முயன்றார். அந்தக் கலங்கள் பலவும் இறந்தவர் முகத்தின் மேல் கவிழ்த்துப் புதைத்தவை என்பதால், அசலைத் தேடிப் போகவில்லை. மகளும் அதையே சொன்னாள்.

வழிகாட்டியிடம் ஹெலனைத் தெரியுமா என்று கேட்டேன். பப்லிட்டாவின் மகளா என்று திருப்பிக் கேட்டார். தலையசைத்தேன்.

கீழே ஊருக்குள் ஒரு குயவர் வீட்டில் கரடிப்பாதம் பதித்த சிறிய கறுப்புக் கலம் ஒன்று வாங்கினோம். வறட்சிக் காலத்தில் கரடி ஒன்று ஊராரை நீருக்கு வழிநடத்தியதாம்; அதற்கான நன்றி அந்தப் பாதக்குறி. கூழாங்கல்லால் மணிக்கணக்கில் தேய்த்து மெருகேற்றி, எரியும் நெருப்பைச் சாணப்பொடியால் மூடிப் புகையில் கறுக்கவைக்கிறார்கள். வண்ணமே பூசுவதில்லை.

சனி, சாந்தா ஃபே

கவர்னர் மாளிகையின் நீண்ட தாழ்வாரத்தில் பூர்வகுடிக் கலைஞர்கள் துணி விரித்து நகையும் கலமும் விற்கிறார்கள். தெருவுக்குத் தெரு ஓவியக்கூடம். ஒரு கூடத்தில் ஹெலனின் மூன்று எட்சிங் அச்சுகளையும் பக்கம் பக்கமாகப் பார்க்கும் பேறு கிடைத்தது: 'மாறும் பெண்', 'மருத்துவப் பெண்', 'செவிகொடுக்கும் பெண்'.

1980களின் தொடக்கத்தில்தான் அவர் எட்சிங் பக்கம் வந்தார். செப்புத் தகட்டில் மெழுகுப் பூச்சு, அதன்மேல் ஊசியால் வரைந்து, அமிலத்தில் இட்டால் கோடு இருந்த இடம் மட்டும் அரிக்கும். அந்தப் பள்ளத்தில் மை ஏற்றி, ஈரத்தாளை வைத்து அழுத்தினால் படம். பல நிறம் வேண்டுமானால் பல தகடுகள் இம்மி பிசகாமல் பொருந்த வேண்டும். அழித்து எழுத இடமில்லாத இந்த வேலைக்கு, கவராயம் பழகிய கை எவ்வளவு தோதானது!

நெடுநேரம் நின்று பார்த்தோம். பெரிய முகம், அல்லது முகமும் தோளும். பாதி ஒளி, பாதி இருள். கன்னத்தில் முக்கோணங்கள், நெற்றியில் வட்டப்பிறை, உடைக்குள் மிம்பிரஸ் கோடுகள். புதன்கிழமை கிவாச் சுவரில் பார்த்த பாதியாகப் பிரிந்த முகம் இங்கே பெண்முகமாக வந்திருக்கிறது. புவெப்லோ ஓவியத்தில் அதுவரை பெண்கள் பானையோடும் அடுப்போடும் வந்தார்கள். தெய்வ முகமூடியின் இடத்தில் ஒரு பெண், தனக்காக, எந்த வேலையும் செய்யாமல், நேராக நம்மைப் பார்க்கிறாள். மூன்றிலும் எனக்கு நெருக்கமானது மூன்றாவது. மற்ற இரண்டிலும் உள்ள கனம் அதில் இல்லை. கேட்டுக்கொண்டிருப்பவளின் தெளிவு இருக்கிறது.

"ஒரு கோடு கூடத் தளரவில்லை, அம்மா" என்றாள் மகள். நோயைப் பற்றி அவளுக்கு அப்போதுதான் சொன்னேன். 1981இல் புற்றுநோய் கண்டறியப்பட்டது. 'மருத்துவப் பெண்' அந்த ஆண்டில் வந்தது. 'செவிகொடுக்கும் பெண்' அடுத்த ஆண்டு. நான்காவதாகப் 'படைக்கும் பெண்' என்று ஒன்றையும் மனத்தில் வைத்திருந்தார். அது முடியவில்லை.

மகள் மறுபடி போய் மூன்றாவது அச்சின் முன்னால் நின்றாள். கைப்பேசியை எடுக்கவில்லை, தன் குறிப்பேட்டில் அந்த வளைவுகளை வரைந்து பார்த்தாள். கூடத்துக்காரர் தானாகவே ஒரு நாற்காலி கொண்டுவந்து போட்டார். கடை மூடும் நேரம்வரை அங்கேயே இருந்தோம்.

ஞாயிறு, சாந்தா ஃபே

விமானம் மாலையில். காலையில் மூன்றாம் தலைமுறைக்கு நேரம் ஒதுக்கினேன்.

ஹெலனின் மகள் மார்கரெட் பேக்ஷா 1964இல் பிறந்தவர். தாய் உயிரோடு இருந்தவரை தூரிகையைத் தொடவில்லை. 1990இல்தான் தொடங்கினார். பாட்டியின் கதைமாந்தரும் இல்லை, தாயின் கவராயத் துல்லியமும் இல்லை. பெரிய திரையில் ஒளி கசியும் நிறங்கள் ஒன்றன் ஊடாக ஒன்று புகுந்து வரும் அரூப ஓவியங்கள். 2012இல் அவர் தன் துணைவரோடு சேர்ந்து இந்த ஊரில் பாட்டியின் பெயரில் ஓர் அருங்காட்சியகம் திறந்தார். பூர்வகுடிப் பெண் கலைஞர்களுக்கென்றே அமைந்தது அது. மூவரின் ஓவியங்களும் அங்கே ஒரே கூரையின்கீழ் இருந்தன. 2015இல் மூளைப் புற்றுநோயால் மார்கரெட்டும் இறந்தார். 50 வயது. அருங்காட்சியகம் நிலைக்கவில்லை.

எனக்கு இதில் கோபமே வருகிறது. பூர்வகுடிக் கலையை விற்று வாழும் நகரம் இது. 1922இல் தொடங்கிய இந்தியக் கலைச்சந்தை இங்கே ஆண்டுதோறும் கூடுகிறது; உலகமெங்கிலுமிருந்து வாங்க வருகிறார்கள். ஒரே குடும்பத்தில் பாட்டி, தாய், பேத்தி என மூன்று பெரிய ஓவியர்கள் அடுத்தடுத்து வந்திருக்கிறார்கள். அவர்களைச் சேர்த்துப் பார்க்க நிலையான ஒரு கூடம் இல்லை. பாட்டியைப் பேண்டெலியரிலும் ஆல்புகெர்க்கித் தெருவிலும் தேட வேண்டும். தாயையும் மகளையும் காட்சிக்கூடங்களிலும் அருங்காட்சியகச் சேமிப்புகளிலும் அதிர்ஷ்டம் இருந்தால் காணலாம்.

இந்தத் தடத்தில் வர நினைப்பவர்களுக்குச் சில வார்த்தைகள். புயேக்கு முன்கூட்டியே தகவல் கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள். ஊர்ச் சடங்கு நாட்களில் மூடிவிடுவார்கள். சாந்தா கிளாராவில் ஆகஸ்ட் 12 ஊர்த்திருவிழா. வெளியாரும் நடனம் பார்க்கலாம். படம் எடுக்கும் முன் ஊர் அலுவலகத்தில் விதியைக் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். பேண்டெலியரின் பார்வையாளர் மையத்துக்குக் குறைந்தது அரை நாள் கொடுங்கள். பலரும் ஏணிகளுக்கு ஓடிவிட்டு பப்லிட்டாவின் பலகைகளைப் பார்க்காமலே திரும்புகிறார்கள். குவாவுவாவின் கிவாவை ஹெலனின் அச்சுகளுக்கு முன்பே பார்த்துவிடுங்கள். அந்த வரிசை முக்கியம்.